தகப்பன் பேசிய ஆறு விநாடி

ரயில் கண்ணாடியில் உள்ளங்கைகள். டப், டப், டட்டட் டப். பெட்டி முழுக்கச் சிவப்புச் சட்டைகள், வியர்வையும் பியரும் கலந்த வாசம். ஏரிக்கரை மைதானத்தில் அன்று பின்னேரம் ஏதோ ஆட்டம். ஒருவன் இருக்கையின் மேல் ஏறி நின்று, இரண்டு கைகளாலும் அந்தச் சத்தத்தை மேலே மேலே அள்ளிக்கொண்டிருந்தான். எனக்குப் பக்கத்திலிருந்த தாய் தன் குழந்தையின் கையைப் பிடித்து அதே தாளத்தைத் தட்டிக் காட்டினாள். குழந்தை சிரித்தது. நான் இறங்க இன்னும் மூன்று நிறுத்தம் இருந்தது. கதவு திறந்ததும் இறங்கிவிட்டேன்.

நல்ல சனங்கள். யாரையும் அடிக்கப் போகிறவர்கள் இல்லை. ஆனால் அந்தத் தாளத்தை நான் ஒரு வசந்தகாலம் முழுவதும் ஹெட்செட்டில் கேட்டிருக்கிறேன். நிறுத்தி, பின்னுக்கு இழுத்து, மறுபடி ஓடவிட்டு. பனி உருகி மார்க்கம் வீதியின் ஓரமெல்லாம் கறுத்த சேறாய்க் கிடந்த காலம். வெளியே எது பூத்தது, எது பூக்கவில்லை, எனக்குத் தெரியாது. என் காதுக்குள் ஆயிரம் ஆண்கள் கைதட்டிக்கொண்டிருந்தார்கள்.

எங்கள் அலுவலகம் ஒரு பிளாஸாவின் மேல்மாடி. கீழே சேலைக்கடை, அதற்குப் பக்கத்தில் பல் வைத்தியர். முதலாளி யூனியன்வில்லில் இருந்து வருவார். ஒருகாலத்தில் ஸ்காபரோவில் வீடியோக் கடை வைத்திருந்தவர். "ஒரு கசெட்டைப் போட்டா ஆறு குட்டி போடும் தங்கச்சி, வெள்ளிக்கிழமை படத்தைத் திங்கக்கிழமை முழு ரொறன்ரோவும் பாத்திடும்" என்று இன்னும் பெருமையாகச் சொல்வார். கசெட் செத்த பிறகு சப்டைட்டிலுக்கு வந்தார். ஒரு பெரிய நிறுவனம் இன்னொன்றுக்குக் கொடுத்து, அது வேறொன்றுக்குக் கொடுத்து, மிச்சம் எங்கள் மேல்மாடிக்கு வந்து சேரும்.

நான் அங்கே சரிபார்க்கிறவள். மொழிபெயர்ப்பாளர்கள் எழுதித் தருவார்கள். ஒவ்வொரு வரியும் எந்த விநாடியில் ஏற வேண்டும், எந்த விநாடியில் இறங்க வேண்டும் என்று நான் பார்ப்பேன். திரையடியில் எழுத்து ஏறுகிற ஒரு பெட்டிக்கு இரண்டு வரி, அதற்கு மேல் இல்லை. ஒரு விநாடிக்கு இத்தனை எழுத்து, அதற்கு மேல் மனிதக் கண் வாசிக்காது. கூடினால் பெட்டி சிவப்பாகும். குறைத்தால் பச்சை. மொழி தெரியாவிட்டாலும் இந்த வேலை செய்யலாம். நான் எனக்குத் தெரியாத ஒன்பது மொழிகளைப் பச்சையாக்கியிருக்கிறேன். பின்னேரம் மோர்னிங்சைட் வீட்டுக்குப் போய் என் சொந்த வரிகளை எழுதுவேன். அவற்றுக்கு அளவு இல்லை, வாசிக்கிற கண்ணும் இல்லை.

இந்தோனேசிய மொழிக்கு ஒருவன் இருந்தான். முப்பத்திரண்டு, முப்பத்திமூன்று வயது. கிழக்கு ஜாவாவில் ஒரு நகரம். படிக்க வந்து, படித்து முடித்து, வேலை அனுமதிப் பத்திரத்தில் தொங்கிக்கொண்டு ஒஷாவாவிலிருந்து இரண்டு பஸ் மாறி வருவான். என்னை 'ம்பாக்' என்று கூப்பிடுவான். அவன் ஊரில் அக்காவை அப்படித்தான் கூப்பிடுவார்களாம். நான் அவனைத் தம்பி என்றேன். எங்கள் இருவருக்கும் பொதுவாக இருந்தது இரவல் ஆங்கிலம்தான், ஆனால் என் நினைவில் அவன் என் ஊர்த்தமிழில்தான் பேசுகிறான். அப்படியே எழுதுகிறேன். வேறு மாதிரி அவன் எனக்குக் கேட்பதில்லை.

மதியத்தில் புளிக்கவைத்த சோயாக் கட்டியைப் பொரித்துப் பச்சை மிளகாயோடு கொண்டுவருவான். முதலாளி எட்டிப் பார்த்து, "உது என்னடாப்பா, வடைக்குச் சொந்தக்காரனோ?" என்று ஒன்றை எடுத்துக் கடிப்பார். அப்படிச் சாப்பிடும்போதுதான் தன் ஊருக்குப் படங்கள் வந்த விதத்தை அவன் துண்டு துண்டாகச் சொன்னான்.

"எங்கட ஊரில வெளிநாட்டுப் படத்துக்குக் குரல் மாத்திறது குறைவு, ம்பாக். கீழ எழுத்துத்தான் போகும். படம் பாக்கிறதெண்டா எங்களுக்கு வாசிக்கிறது."

முதலில் வாடகைக்கு வந்த சீடித் தட்டுகள். ஒருவன் எடுத்தால் பத்து வீடு பார்க்கும். பிறகு இன்டர்நெட் கடைகள்: பதினைந்து இயந்திரம், ஒரு மின்விசிறி, கராம்புச் சிகரெட் புகை. படம் தனிக் கோப்பு, எழுத்து தனிக் கோப்பு. எழுத்துக் கோப்பு ஒரு கடிதத்தைவிடச் சின்னது. ஆங்கிலம் கொஞ்சம் தெரிந்த எந்தப் பெடியனும் உட்கார்ந்து எழுதலாம், முதல் நிமிடத்தில் தன் புனைபெயரைப் பொறித்துவிடலாம். அது பென்டிரைவில் ஏறிச் சட்டைப்பையில் போகும். கடைசியில் ஏதோ ஓர் உதைபந்து ரசிகர் மன்றத்தின் முற்றத்தில் வெள்ளைத்துணி கட்டி, நூறு பேர் தரையில் இருந்து பார்ப்பார்கள். அதற்கு அவர்களிடம் ஒரு சொல் இருந்தது: நோபார். சேர்ந்து பார்க்கிறது.

அந்த முற்றங்களில் எல்லாவற்றையும்விட அதிகம் ஓடியவை உதைபந்து ரவுடிகளைப் பற்றிய படங்கள். ஆங்கிலேயப் படங்கள், கிழக்கு ஐரோப்பியப் படங்கள், ஓர் ஊர்க்காரன் இன்னோர் ஊர்க்காரனை ரயில் நிலையத்தில் வைத்து மிதிக்கிற படங்கள்.

"அதைப் பாத்துத்தான் உடுக்கப் பழகினவங்கள். முப்பத்திமூண்டு பாகை வெக்கை, ம்பாக், கழுத்துவரைக்கும் ஜிப் இழுத்த ஜாக்கெட்! உள்ளுக்கு அவிஞ்சு செத்தாலும் கழட்டமாட்டாங்கள்."

முதலாளிக்கு அது விளங்கவில்லை. "ஒரு பந்துக்கோ உவ்வளவு அடிபாடு?"

"இஞ்ச உங்கட ஆக்கள் எதுக்கு அடிபடுவினம்?" என்று கேட்டான் அவன்.

"கோயில் நிர்வாகசபைக்கு" என்றேன் நான். முதலாளி வாயிலிருந்த சோயாவோடு சிரித்து, புரைக்கேறி, தண்ணீர் குடிக்க ஓடினார். அவர் இரண்டு தரம் பொருளாளர்.

மார்ச் முடிவில் புது வேலை ஒன்று வந்தது. பழைய ஆங்கிலேயப் படம், உதைபந்து ரவுடிகள். இணையத்தில் படம் ஓட்டும் ஒரு நிறுவனம் அதை இந்தோனேசியாவுக்கு முறைப்படி கொண்டுபோகிறது. பட்டியலைத் திறந்த அவன் கதிரையைப் பின்னுக்குத் தள்ளிவிட்டு எழுந்து, ஜன்னலடியில் போய் நின்றான். கீழே சேலைக்கடைக்காரர் வழுக்குப் பனியில் உப்புக்கல் வீசிக்கொண்டிருந்தார்.

"இந்தப் படத்தை நான் ஏற்கெனவே செய்திருக்கிறன்" என்றான். "பத்தொன்பது வயசில. இன்டர்நெட் கடையில இருந்து."

அவனே எனக்கு அந்தக் காட்சியைப் போட்டுக் காட்டினான். படம் முடிய இருபது நிமிடம் இருக்கிறது. செத்துப்போன ஒரு பெடியனின் தகப்பன் தெருவோரம் நிற்கிறார், முதுகு மட்டும் தெரிகிறது. அவருக்கு எதிரேயிருந்து கூட்டம் பாட்டோடு வருகிறது, அவரைக் கடந்து நேரே கமராவை நோக்கி வருகிறது. கைதட்டல், டப், டப், டட்டட் டப். பாட்டுக்குக் கீழே, பக்கத்தில் நிற்கிற பொலிஸ்காரனிடம் அந்த மனிதர் ஏதோ சொல்கிறார். ஆறு விநாடி. ஆங்கிலக் காதுக்குத் தெளிவாகக் கேட்கும்: மகனின் சட்டையை ஆஸ்பத்திரியில் கடதாசிப் பையில் போட்டுத் தந்தார்கள், தோய்த்துக் கொடியில் போட்டேன், மூன்று கிழமையாயிற்று, மழையில் நனைகிறது, காய்கிறது, திரும்ப நனைகிறது, எடுக்க முடியவில்லை.

இரண்டு குரல், ஒரே நேரம். பெட்டிக்கு இரண்டு வரி. எங்கள் தொழிலில் இப்படி வந்தால் பெரும்பாலும் ஒன்றை எடுத்து ஒன்றை விடவேண்டும். பத்தொன்பது வயதில் அவன் பாட்டை எடுத்தான்.

வெறும் மொழிபெயர்ப்பாக எடுத்திருந்தால் பரவாயில்லை. ஆங்கிலத்தில் அது எதிரியின் எலும்பைப் பற்றிய ஒரு தூஷணப் பாட்டு. அவன் தன் வீட்டிலிருந்து வரி எடுத்தான். அவன் தாய் பாடசாலை வாசலில் சோறு விற்கிறவர். ஆட்டமுள்ள நாளில் வீட்டு ஆண்பிள்ளைகள் செருப்பை மாட்டிக்கொண்டே அவரிடம் கத்திவிட்டுப் போகிற சொல்லை இரண்டு வரியாக்கி, எதுகை போட்டு, கைதட்டலுக்குள் இருத்திவிட்டான்.

அம்மா, சோறு ஆக்க வேண்டாம்;
இன்றைக்கு நாங்கள் வரமாட்டோம்.

என் தமிழில் அதன் பாதிதான் வரும். அவன் மொழியில் சொல்லிக்காட்டியபோது, அர்த்தம் தெரிவதற்கு முன்னமே என் கால் தாளம் போட்டது. உடம்புக்குள் போகிற வரி அது. நானும் இருபது வயதில் அப்படியொரு வரி எழுதியிருக்கிறேன். சந்தியில் ஒட்டிய ஒரு துண்டுப்பிரசுரத்துக்கு. அதைப் பாடிக்கொண்டு யார் யார் சண்டைக்குப் போனார்கள் என்று நான் விசாரித்ததில்லை. விசாரிக்காமலே கனடாவுக்கு வந்துவிட்டேன்.

அவன் வரியை முற்றங்கள் எடுத்துக்கொண்டன. படத்திலிருந்து கழன்று மைதானத்துக்குப் போயிற்று, பதாகையில் ஏறிற்று. அவனுக்குப் பத்து வயது இளைய தம்பி ஒருவன் இருந்தான். அண்ணன் எழுதிய சப்டைட்டில்களில் வேகமாக வாசிக்கப் பழகியவன். இப்போது இருபத்திமூன்று வயதில், பந்தைப் பார்க்காமல் மைதானத்துக்கு முதுகைக் காட்டி நின்று, ஆயிரம் பேருக்குப் பாட்டுத் தொடங்கிக் கொடுக்கிறவன் அவன். ஐந்து கிழமையில் எதிரி நகரத்தில் ஓர் ஆட்டம். வெளியூர் ரசிகர்கள் வரக்கூடாது என்று தடை. தடை என்றபடியால் கட்டாயம் போவோம் என்கிறார்கள் இவர்கள், மோட்டார் சைக்கிளில், மூங்கில் தடிகளோடு.

"அம்மா ஒவ்வொரு நாளும் போன் எடுக்கிறா. நீ சொன்னாத்தான் கேப்பான், நீ சொல்லு எண்டு. நான் என்னத்தைச் சொல்ல? அந்தத் தகப்பன் சொன்னதைச் சொன்னன். அவன் சிரிக்கிறான், ம்பாக். அந்தப் படத்தை இருபது தரம் பாத்திட்டன் அண்ணா, அந்தாள் வாயே திறக்கேல்லை எண்டுறான்."

முதுகு மட்டும் தெரிகிற மனிதர். கீழே எழுத்து வராத குரல். வாசித்தே படம் பார்த்தவனுக்கு அந்த ஆறு விநாடியில் பாட்டைத் தவிர வேறு ஒன்றும் நடக்கவில்லை.

முடிவில் இரண்டு பேரும் ஒரு பந்தயம் மாதிரிப் பேசிக்கொண்டார்களாம். படம் முறைப்படி வரும்போது எழுத்தில் அந்தத் தகப்பன் சொன்னது இருந்தால், தம்பி போகமாட்டான், தன் ஆட்களையும் மறிப்பான். இல்லாவிட்டால் அண்ணன் இனி வாய் திறக்கக்கூடாது. நீ எழுதினாலும் கொம்பனிக்காரன் பார்த்துத்தான் விடுவான், அவனுக்குப் பொய் சொல்லத் தேவையில்லை, உனக்கு இருக்கு, என்றானாம் தம்பி.

"உதுக்கு நான் ஒண்டும் விசேஷமாச் செய்யத் தேவையில்லை, ம்பாக். அவர் சொன்னதை எழுதினாக் காணும்."

நாங்கள் அதை எழுதினோம். என் வாழ்நாளில் ஆறு விநாடிக்கு அவ்வளவு பாடுபட்டதில்லை. ஆஸ்பத்திரியை விட்டோம். கடதாசிப் பையை விட்டோம். மூன்று கிழமையை வைத்தோம், மழையை வைத்தோம். அவன் சொல்லச் சொல்ல நான் எழுத்து எண்ணினேன். சிவப்பு. திரும்பச் சிவப்பு. 'நான்' என்பதை எடுத்துப் பார் என்றேன். அவன் மொழியில் அது வினைச்சொல்லோடு ஒட்டி ஓர் அசையாய்ச் சுருங்கியது. பச்சை. 'பஜுன்யா சுடா குச்சுச்சி.' 'அவன் சட்டையைத் தோய்த்துவிட்டேன்' என்று அர்த்தம். அந்த ஒரு துண்டு எனக்கு இன்னும் மனப்பாடம். இருவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தோம். அவன் கண் கலங்கியிருந்தது. எனக்குப் பசித்தது.

பாட்டை முழுதாக எடுத்துவிட்டு, தகப்பனுக்கு இரண்டு வரியும் கொடுத்து அனுப்பினோம்.

ஒரு கிழமை கழித்து, வியாழக்கிழமை, கோப்பு திரும்பி வந்தது. அன்று அவன் வேலை அனுமதி விஷயமாக நேர்முகத்துக்குப் போயிருந்தான். உள்ளே போன் கொண்டுபோக விடமாட்டார்கள். முதலாளி என் மேசையடிக்கு வந்தார்.

"உவன் எங்கை?"

"இன்டர்வியூ அண்ணை. நேற்றே சொன்னவன்."

"அவங்கள் திருப்பி அனுப்பியிருக்கிறாங்கள். பாட்டு எங்கை எண்டு கேக்கிறாங்கள். ட்ரெயிலருக்கு அந்தப் பாட்டுக் காட்சியைத்தான் வெட்டி வைச்சிருக்கிறாங்களாம். அஞ்சு மணிக்கு முதல் அனுப்போணும்."

"தகப்பன் கதைக்கிறது, அண்ணை. பாட்டைவிட அதுதான் முக்கியம்."

"விசர்க் கதை கதையாதையும். பாட்டும் வரோணும் எண்டுதானே கேக்கிறாங்கள்? தகப்பனை வெட்டச் சொல்லேல்லையே. நீர் கவிதை எழுதுற ஆள், ரெண்டு வரியை ஒரு வரியாக்கத் தெரியாதே?"

அவர் போய்விட்டார். மணி நாலு பத்து.

நான் உட்கார்ந்தேன். ஆளுக்கு ஒரு வரி. முன்னால் ஒரு கோடு போட்டால் இரண்டு பேர் பேசுகிறார்கள் என்று அர்த்தம். அது எங்கள் தொழிலில் அனுமதிக்கப்பட்டது. அவன் எனக்குக் காட்ட இறக்கி வைத்திருந்த தன் பழைய கோப்பிலிருந்து பாட்டை எடுத்தேன். அவன் சொல்லித் தந்த சொற்களையும் கணினி அகராதியையும் வைத்துக்கொண்டு வெட்டினேன். தகப்பனிடமிருந்து மழையை எடுத்துவிட்டேன்: சட்டையைத் தோய்த்தேன், இன்னும் கொடியில். பாட்டிலிருந்து எதுகையை எடுத்துவிட்டேன்: அம்மா சமைக்காதே, வரமாட்டோம். சிவப்பு. ஓர் அசை. இன்னோர் அசை. நாலு நாற்பத்தாறுக்குப் பச்சை. சேமித்தேன்.

ஓடவிட்டுப் பார்த்தேன். இரண்டும் இருந்தன. இரண்டும் நொண்டின. தகப்பனின் வரி கடைச்சிட்டை மாதிரி இருந்தது. பாட்டோ, கூட்டம் கைதட்டிக்கொண்டு வருகிறது, கீழே ஒரு செத்த வரி தாளம் தப்பிக் கிடக்கிறது. எனக்கு அது தாங்கவில்லை. மொழி தெரியாத எனக்கு. திரும்ப ஓடவிட்டேன். திரும்பவும். அந்தப் பழைய வரி, அவனுடைய பத்தொன்பது வயது வரி, எவ்வளவு அழகாக அந்தக் கைகளுக்குள் போய் இருந்தது என்று என் காது அறிந்திருந்தது.

நாலு ஐம்பத்திரண்டுக்குத் தகப்பனை எடுத்துவிட்டேன். பாட்டை இரண்டு வரியாகத் திரும்ப வைத்தேன். பச்சை. அனுப்பினேன்.

அந்தப் பந்தயம் எனக்குத் தெரியும். தெரிந்துதான் செய்தேன். ஒரு சப்டைட்டிலுக்காக யாராவது போகாமல் இருப்பானா என்று எனக்கே சொல்லிக்கொண்டு மோர்னிங்சைட் பஸ்ஸில் ஏறினேன். அன்று வீட்டில் நன்றாக எழுத வந்தது. அதையும் சொல்லத்தான் வேண்டும்.

அடுத்த நாள் அவனிடம், "அவங்கள் பாட்டு முழுசா வேணுமெண்டு நிண்டவங்கள் தம்பி, இடம் காணேல்லை" என்றேன். அவன் முகம் சாம்பலாகிற்று. முதலாளியிடம் ஓடினான். கோப்பைப் பூட்டிவிட்டார்கள், இனித் தொட முடியாது என்றார் அவர். தம்பியைக் கூப்பிட்டு, எழுத்தை மாற்றிவிட்டார்கள், நம்பு என்று கெஞ்சினான். "எப்பவும் உன்னட்டை ஒரு சாட்டு இருக்கும் அண்ணா" என்று பதில் வந்ததாம்.

இரண்டு கிழமையில் படம் அங்கே போயிற்று. ஒரு செவ்வாய்க்கிழமை காலை பத்தரைக்கு அவன் போன் அடித்தது. அங்கே இரவுச் சாப்பாடு முடிந்த நேரம். திரையில் முற்றம், வெள்ளைத்துணி, ஜிப் இழுத்த ஜாக்கெட்டுகள். முன்னால் ஒரு மெல்லிய பெடியன், அண்ணனின் அதே தாடை, வாயெல்லாம் பல்லாகச் சிரித்துக்கொண்டு கத்தினான். எனக்கு மொழி விளங்கவில்லை. பிறகு இவன் சொல்லித்தான் தெரியும்:

"அண்ணா, பார்! கொம்பனிக்காரனே உன்ரை பாட்டைத்தான் போட்டிருக்கிறான்! கடைசியில உன்ரை பேரும் போகுது! எங்கை உன்ரை சட்டை? எங்கை உன்ரை கொடி?"

பின்னால் நூறு பேர் அண்ணனுக்காகக் கைதட்டினார்கள். பிறகு பாடினார்கள். எங்கள் மேல்மாடியில் அந்தச் சின்னப் போனிலிருந்து அது தகரச் சத்தமாய் வந்தது. முதலாளி கதவால் எட்டிப் பார்த்து, "என்ன, கலியாண வீடோ?" என்றார்.

ஆட்டம் ஒரு ஞாயிற்றுக்கிழமை. திங்கட்கிழமை அவன் வழமைபோல இரண்டு பஸ் மாறி வந்து, ஹெட்செட்டை மாட்டி, ஒரு சமையல் நிகழ்ச்சியின் இருபது நிமிடத்தைப் பிழையில்லாமல் செய்து முடித்தான். அதற்குப் பிறகுதான் சொன்னான். எதிரி நகரத்துக்குப் போகிற வழியில், பெட்ரோல் நிலையமொன்றில், பிழையான நிறத்தில் கழுத்துத்துணி கட்டியிருந்த ஒரு பெடியன் தனியாக மாட்டுப்பட்டான். இருபது வயது. மோட்டார் திருத்துமிடத்தில் வேலை. ஆஸ்பத்திரிக்குப் போகிற வழியில் முடிந்துவிட்டது. பொலிஸ் நாலு பேரைப் பிடித்திருக்கிறது, நாலில் ஒருவன் தம்பி.

"அடிச்சவனோ, பக்கத்தில நிண்டு பாட்டுத் தொடங்கினவனோ, எனக்குத் தெரியாது, ம்பாக். கேக்க எனக்குப் பயமாயிருக்கு."

முதலாளி அவனைத் தன் அறைக்குக் கூட்டிப்போய்த் தேத்தண்ணி கொடுத்தார். வெளியே வந்து என்னிடம், "பாவம் உவன். ஆனா இந்தோனேசியாவுக்கு வேற ஆள் தேடவேண்டி வரும் போல" என்றார். அவர் கெட்டவர் இல்லை. எந்தக் கசெட் எந்த வீட்டுக்குப் போகிறது என்று கேட்டுப் பழகாதவர்.

அந்தக் கிழமை முழுவதும் அவன் மதியத்தில் ஒரே வீடியோவைப் பார்த்தான். செத்த பெடியனின் தகப்பன், வீட்டு வாசலில் பிளாஸ்டிக் கதிரையில் இருந்து, யாரோ நீட்டிய போனுக்குப் பேசுகிறார். மெலிந்த மனிதர், கையில் ஒரு துவாய். நிறைய நேரம் பேசினார். எனக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. விநாடி எண் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது, பழக்கத்தில் அதைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"என்ன சொல்லுறார்?" என்று ஒரு நாள் கேட்டேன்.

"முடியட்டும், ம்பாக்" என்றான். முடிந்த பிறகும் சொல்லவில்லை.

தாய் சோற்றுக்கடையைப் பூட்டிவிட்டார். யாரோ வாசலில் மண்ணெண்ணெய் ஊற்றியிருந்தார்கள், பற்றவைக்கவில்லை, ஊற்றிவிட்டுப் போயிருந்தார்கள். அவன் ஊருக்குப் போக முடிவெடுத்தான். போனால் அனுமதிப் பத்திரம் காலாவதியாகும், திரும்பி வருவது கடினம். தெரியும் என்றான். தாயோடு இருக்கவேண்டும், தம்பியைச் சிறையில் பார்க்கவேண்டும், அந்தத் தகப்பனின் வீட்டுக்குப் போகவேண்டும். விடுவார்களோ தெரியாது, போய் வாசலில் நிற்கவேண்டும்.

ஒஷாவாவில் அவன் அறைக்குப் போய் நானே ஏற்றினேன். மத்தியானம், மழை விட்ட வெயில். ஒரு பெட்டி, ஒரு முதுகுப்பை. நெடுஞ்சாலையில் நான் நிறையப் பேசினேன்: விமானச் சாப்பாடு, கட்டாரில் மாறுகிற நேரம், தாய்க்கு என்ன வருத்தம், என்ன மருந்து. என் வாய் எனக்கே அருவருப்பாக இருந்தது. நிறுத்த முடியவில்லை.

விமான நிலையத்தில் இறக்கிவிடுகிற பாதையில் கார்கள் மூன்று வரிசையாக நின்றன. மஞ்சள் அங்கி போட்ட ஒருத்தி எல்லோரையும் போ போ என்று கைகாட்டிக்கொண்டிருந்தாள். பெட்டியை இறக்கினேன். அவன் முதுகுப்பையை மாட்டினான். அங்கே வைத்துத்தான் வாய் வந்தது.

"தம்பி, அண்டைக்கு இடம் காணேல்லை எண்டு சொன்னது பொய்."

"தெரியும்."

"அவங்கள் தகப்பனை எடுக்கச் சொல்லேல்லை. நான்தான்…"

"தெரியும், ம்பாக். கோப்பில எல்லாம் பதிஞ்சு கிடக்கு. நாலு நாப்பத்தாறுக்கு ரெண்டும் இருந்தது. நாலு அம்பத்திரண்டுக்குப் பாட்டு மட்டும்." ஆட்டத்துக்கு முன்னமே பார்த்துவிட்டதாகச் சொன்னான். அத்தனை நாளும் என் எதிரே இருந்து சாப்பிட்டிருக்கிறான். "ஏன் எண்டு மட்டும் தெரியேல்லை."

"வடிவில்லாமல் இருந்தது" என்றேன். "உன்ரை பழைய வரி வடிவா இருந்தது."

அவன் என்னைப் பார்த்தான். கோபம் என்று சொல்ல முடியாது. தனக்குத் தெரிந்த ஒரு முகத்தைப் பார்க்கிற மாதிரி.

"ஓம்" என்றான். "எனக்கும் அது வடிவாத்தான் இருந்தது."

மஞ்சள் அங்கிக்காரி என் காரின் கூரையில் தட்டினாள். பின்னால் ஹோர்ன் அடித்தார்கள். அவன் பெட்டியின் கைபிடியை இழுத்து நிமிர்த்தினான்.

"போய் இறங்கினதும் போன் எடு, தம்பி."

"எடுக்கமாட்டன், ம்பாக். நீங்களும் எடுக்காதேங்கோ."